பழைய ஜாவா போனில் விரலைப் பிடிப்பது எப்படி

ஓ.எல். பரீட்சை எழுதிவிட்டு ரிசல்ட் வரும்வரை வீட்டில் சும்மா இருக்கிற அக்காவின் மகன், போன மாதம் என் மேசை லாச்சியைக் குடைந்து ஒரு நோக்கியா 5800ஐ எடுத்துக்கொண்டு போனான். பற்றரி எப்படியோ உயிரோடு இருந்தது. நாலு நாள் கழித்து அதில் தானே எழுதிய ஒரு கேமோடு வந்து நின்றான். மட்டக்களப்பு வாவியில் ஒரு தோணி, எதிரே கல்லடிப் பாலத்தின் தூண்கள், தூணில் முட்டாமல் தோணியை இடமும் வலமும் விலத்த வேண்டும், அவ்வளவுதான். கொம்பியூட்டரில் போனைப் போல நடிக்கிற எமுலேட்டரில் கீபோர்டால் விளையாடியபோது நன்றாகத்தான் ஓடியதாம். போனில் போட்டதும் தோணி மேல் பாதிக்குள் ஒடுங்கிவிட்டது, கீழ்ப் பாதியில் அவன் வரையாத அம்புக்குறிப் பட்டன்கள் வந்து உட்கார்ந்துவிட்டன.

"மாமா, தோணியத் தொடுறன், அது அசையுதில்ல. இந்தப் பட்டன் எங்க இருந்து வந்த?"

அவனுக்குச் சொன்னதைத்தான் இங்கே கொஞ்சம் ஒழுங்காக எழுதுகிறேன். ஜாவாவில் வகுப்பு, மெதட், இஃப், லூப் தெரிந்தால் போதும். ஒரு சிக்கல்: பெயர்களை எல்லாம் தமிழ் எழுத்தில்தான் எழுதப் போகிறேன், கோடில் அடிக்கும்போது ஆங்கில எழுத்தில் அடித்துக்கொள்ளுங்கள்.

முதலில் அந்தப் பேய்ப் பட்டன்கள். ஜாவா போன்களுக்கான, அதாவது ஜாவாவில் எழுதிய கேம்களை ஓட்டுகிற பழைய போன்களுக்கான, மிட்ப் என்ற விதிமுறையின் முதல் பதிப்பு 2000இல் வந்தது, நாம் இன்றும் பயன்படுத்துகிற மிட்ப் 2.0 வந்தது 2002இல். அந்தக் காலத்து போன் என்றால் பன்னிரண்டு இலக்கப் பட்டன், நடுவில் ஒரு திசைப் பட்டன், மேலே இரண்டு சொஃப்ட்கீ, அதாவது திரையில் எழுதியிருக்கிற வேலையைச் செய்கிற பட்டன். எழுதப்பட்ட கேம்கள் எல்லாம் அதை நம்பித்தான் எழுதப்பட்டன. 5800 அறிவிக்கப்பட்டது 2008இல், முகத்தில் திசைப் பட்டன் கிடையாது. அப்படியானால் ஏற்கெனவே இருக்கிற ஆயிரக்கணக்கான பட்டன் கேம்களை என்ன செய்வது? இந்த கேமுக்குத் தொடுதிரை தெரியாது போல என்று போன் தானே முடிவெடுத்து, திரையில் பாதியைப் பிடுங்கி, பொய்ப் பட்டன்களை வரைந்து கொடுக்கிறது. நல்ல எண்ணம்தான், ஆனால் நம் கேமுக்கு அது வேண்டாம். கேமோடு போகிற, கேமைப் பற்றிப் போனுக்குச் சொல்கிற ஜாட் ஃபைலில் 'நோக்கியா-மிட்லெட்-ஒன்-ஸ்கிரீன்-கீபேட்' என்ற வரியைச் சேர்த்து அதன் மதிப்பு 'நோ' என்று எழுதினால் பட்டன்கள் போய்விடும், முழுத் திரையும் கிடைக்கும். ஆனால் அதோடு பொறுப்பும் நம் தலையில். இனி விரல் பட்டால் என்ன நடக்க வேண்டும் என்று நாம்தான் சொல்ல வேண்டும்.

அதற்கு மிட்பில் இருப்பது மூன்றே மூன்று மெதட். கேன்வஸ் என்ற வகுப்பில் இருக்கின்றன, கேம்கேன்வஸ் அதன் பிள்ளை என்பதால் அதிலும் உண்டு. விரல் திரையில் படும்போது பொயின்டர்பிரெஸ்ட், பட்ட விரல் எடுக்காமல் நகரும்போது பொயின்டர்டிராக்ட், விரலை எடுக்கும்போது பொயின்டர்ரிலீஸ்ட். மூன்றும் இரண்டு எண்களைக் கொண்டுவரும், எக்ஸ், வை. திரையின் இடது மேல் மூலைதான் பூச்சியம், பூச்சியம். எக்ஸ் வலப்பக்கம் கூடிக்கொண்டு போகும், வை கீழே போகப் போகக் கூடும். பள்ளிக்கூடக் கணக்கில் வை மேலே போகப் போகத்தான் கூடும், இங்கே தலைகீழ், முதல் நாள் எல்லாரும் இதில் ஒருதரம் சறுக்குவார்கள்.

போனில் தொடுதிரை இருக்கிறதா என்று கேட்க ஹேஸ்பொயின்டர்ஈவென்ட்ஸ், இழுப்பதையும் சொல்லுமா என்று கேட்க ஹேஸ்பொயின்டர்மோஷன்ஈவென்ட்ஸ். ஆம் இல்லை என்று பதில் வரும். இதை வைத்துக்கொண்டு 'தொடுதிரை இருந்தால் பட்டன் கோடை மூடிவிடு' என்று மட்டும் எழுதாதீர்கள். 2010இல் வந்த நோக்கியா எக்ஸ்3-02 மாதிரிப் போன்களில் தொடுதிரையும் இருக்கும், இலக்கப் பட்டன்களும் இருக்கும், திசைப் பட்டன் மட்டும் இருக்காது. அதை வைத்திருப்பவர் நாலாம் பட்டனையும் ஆறாம் பட்டனையும் அழுத்தி விளையாட நினைத்தால் விளையாடட்டுமே.

இதுவரை சொன்னது எந்தப் புத்தகத்திலும் கிடைக்கும். மருமகன் அதையெல்லாம் அரை மணித்தியாலத்தில் செய்துவிட்டான். தோணி அசைந்தது. ஆனால் பத்துத் தரம் தட்டினால் ஏழு தரம்தான் அசைந்தது. மிச்சம் மூன்று எங்கே போனது என்பதுதான் உண்மையில் படிக்க வேண்டிய பாடம்.

அரசடிப் பக்கம் இருந்த ஒரு சின்னக் கொமியுனிகேஷன் கடையை நினைத்துக்கொள்கிறேன். வாசலில் ஒரு பொடியன் நிற்பான், உள்ளே முதலாளி. போனுக்குக் காசு ஏற்ற, அதாவது ரீலோட் போட, வருகிறவர் நம்பரையும் தொகையையும் சொல்வார், பொடியன் அதை ஒரு கொப்பியில் எழுதுவான், காசை வாங்குவான், அடுத்த ஆளைப் பார்ப்பான். உள்ளே இருப்பவர் கொப்பியைப் பார்த்து ஒவ்வொன்றாக ரீலோட் போட்டு, போட்டதைக் கோடு போட்டு வெட்டுவார். வேலை ஓடுவதே அந்தக் கொப்பியால்தான்.

ஜாவா போனிலும் இரண்டு பேர் வேலை செய்கிறார்கள். ஒருவர் போனின் சொந்த ஆள். பட்டன் அழுத்தினாலும், விரல் பட்டாலும், திரையை வரையச் சொன்னாலும் ஒவ்வொன்றாக வரிசையில் வந்து நம் மெதடைக் கூப்பிடுவது அவர்தான். ஒன்று முடிந்து திரும்பினால்தான் அடுத்ததைக் கூப்பிடுவார். மற்றவர் நாம் எழுதுகிற கேம் லூப், தனி த்ரெட்டில், அதாவது பக்கத்திலேயே தனியாக ஓடுகிற இன்னொரு வேலையாக, சுற்றிக்கொண்டே இருப்பது: தோணியை நகர்த்து, தூணில் முட்டியதா பார், வரை, கொஞ்சம் தூங்கு, திரும்பவும் முதலிலிருந்து.

புதிதாக எழுதுகிறவர் செய்கிற முதல் பிழை, வாசலில் நிற்கிற பொடியனையே ரீலோடும் போடச் சொல்வது. அதாவது பொயின்டர்பிரெஸ்ட் மெதடுக்குள்ளேயே தோணியை நகர்த்தி, மோதல் பார்த்து, சத்தம் போட்டு, அடுத்த லெவலின் படங்களை ஜாரிலிருந்து, அதாவது கேம் முழுவதையும் கட்டி வைத்த ஃபைலிலிருந்து, ஏற்றி எல்லாவற்றையும் செய்துவிடுவது. அது முடியும்வரை வரிசை நகராது. விரலை எடுத்த செய்தியும் வரிசையில்தான் நிற்கிறது, திரையை வரை என்ற செய்தியும் அங்கேதான் நிற்கிறது. பார்க்கிறவருக்கு போன் இறுகிவிட்ட மாதிரி இருக்கும். ஆகவே இந்த மூன்று மெதடிலும் எழுதி வைப்பதைத் தவிர வேறு வேலை கூடாது.

மருமகன் இதைச் சரியாகத்தான் செய்திருந்தான். அவன் விட்ட பிழை இரண்டாவது, இதுதான் கள்ளப் பிழை. அவன் வைத்திருந்தது 'விரல்கீழே' என்று ஒரே ஒரு பூலியன். விரல் பட்டால் உண்மை, எடுத்தால் பொய். லூப் ஒவ்வொரு சுற்றிலும் அதைப் பார்க்கும், உண்மை என்றால் தோணியைத் தள்ளும். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்த போனில் அவனுடைய கேம் ஒரு செக்கனுக்குப் பத்து சுற்றுதான் ஓடியது, ஒரு சுற்றுக்கு 100 மில்லிசெக்கன். படபடவென்று தட்டுகிறவரின் விரல் திரையில் இருப்பது அதைவிடக் குறைந்த நேரமாக இருக்கலாம். லூப் பார்த்துவிட்டுத் தூங்கப் போனது, விரல் பட்டது, உண்மை ஆனது, விரல் எடுபட்டது, பொய் ஆனது, லூப் எழும்பிப் பார்த்தது, ஒன்றுமே இல்லை. கடைக் கணக்கில் சொன்னால், முதலாளி கொப்பியைப் பார்க்காமல், இடைக்கிடை தலையை நீட்டி 'இப்போது வாசலில் யாரும் நிற்கிறார்களா' என்று மட்டும் பார்க்கிறார். வந்து, சொல்லி, காசு கொடுத்துவிட்டுப் போனவர் அவர் கண்ணிலேயே படவில்லை.

வேடிக்கை என்னவென்றால் பட்டன்களுக்கு இந்தப் பிரச்சினையை மிட்ப் 2.0 எழுதியவர்களே தீர்த்து வைத்திருக்கிறார்கள். கேம்கேன்வஸில் கெட்கீஸ்டேட்ஸ் என்ற மெதட், 'இப்போது அழுத்தப்பட்டிருக்கிறதா' என்பதோடு 'போனதரம் நீ கேட்டதற்குப் பிறகு ஒருதரமாவது அழுத்தப்பட்டதா' என்பதையும் சேர்த்துத்தான் பதில் சொல்லும். அதனால்தான் எமுலேட்டரில் கீபோர்டால் விளையாடியபோது ஒரு தட்டும் தவறவில்லை. தொடுதிரைக்கு அப்படி ஒன்றையும் அவர்கள் தரவில்லை, நாமே கையால் செய்ய வேண்டும். இவ்வளவுதான்:

விரல் பட்டால்:
    கீழே = உண்மை
    புதியதட்டு = உண்மை
    தொடக்கஎக்ஸ் = எக்ஸ், தொடக்கவை = வை
    இப்போஎக்ஸ் = எக்ஸ், இப்போவை = வை

விரல் எடுத்தால்:
    கீழே = பொய்

லூப்பின் ஒவ்வொரு சுற்றிலும்:
    கீழே அல்லது புதியதட்டு என்றால் தோணியைத் தள்ளு
    புதியதட்டு = பொய்

கவனியுங்கள், விரலை எடுக்கும்போது 'புதியதட்டு' அழிக்கப்படவில்லை. அதை அழிக்கிற உரிமை லூப்புக்கு மட்டும்தான், அதுவும் பார்த்து முடித்த பிறகு. கொப்பியில் எழுதுகிறவர் ஒருவர், வெட்டுகிறவர் இன்னொருவர். இந்த ஒரு மாற்றத்தோடு பத்துக்குப் பத்தும் வந்தது.

வேகமாகப் பல தட்டுகளை எண்ண வேண்டிய கேம் என்றால் ஒரு பூலியன் போதாது. எட்டு இடம் கொண்ட ஒரு சின்ன அரேயை முதலிலேயே செய்து வைத்து, கடைசி இடம் நிரம்பியதும் திரும்ப முதலிடத்துக்கு வந்து வட்டமாக நிரப்பலாம். ஒவ்வொரு தட்டுக்கும் புதிதாக ஒப்ஜெக்ட் உருவாக்க வேண்டாம். பல போன்களில் கேமுக்குக் கிடைக்கும் மெமரி ஓரிரு மெகாபைட்தான், வேலை முடிந்த ஒப்ஜெக்ட்கள் குப்பையாகச் சேர்ந்து அதைக் கூட்டி அள்ள ஜாவா நிற்கிற நேரத்தில் தோணியும் நிற்கும்.

இன்னொரு நுணுக்கம். எழுதுகிறவரும் வாசிக்கிறவரும் வேறு வேறு த்ரெட் என்பதால், எக்ஸை எழுதி வையை எழுத முதல் லூப் வந்து வாசித்துவிட்டால் புதிய எக்ஸும் பழைய வையும் சேர்ந்து யாருமே தொடாத ஓரிடம் கிடைக்கும். எழுதும் இடத்தையும் வாசிக்கும் இடத்தையும் ஒரே பூட்டுக்குள், அதாவது சின்க்ரனைஸ்ட் தொகுதிக்குள் வைத்துவிடுங்கள். லூப் பூட்டுக்குள் போய் நாலைந்து எண்ணைத் தன் சொந்த மாறிகளுக்குப் பிரதி எடுத்துக்கொண்டு உடனே வெளியே வரட்டும், யோசிக்கிற வேலை எல்லாம் வெளியே. கொப்பியை வைத்துக்கொண்டே முதலாளி ரீலோட் போட்டால் பொடியன் எதில் எழுதுவான்?

சரி, செய்தி தவறாமல் வருகிறது. ஆனால் அந்தச் செய்தியை எவ்வளவு நம்பலாம்?

விரல் ஒரு புள்ளி இல்லை. பெருவிரல் திரையில் படுகிற பரப்பு ஒரு சென்ரிமீற்றருக்குக் கிட்டத்தட்ட வரும், அதில் ஏதோ ஒரு பிக்சலை போன் தெரிவுசெய்து நமக்குச் சொல்கிறது. நாம் குறிவைத்ததாக நினைக்கிற இடமும் போன் சொல்கிற இடமும் கொஞ்சம் தள்ளித்தான் இருக்கும். பட்டனை எவ்வளவு பெரிதாக வரைவது என்ற கேள்விக்குப் பிக்சலில் பதில் தேடக்கூடாது, மில்லிமீற்றரில் தேட வேண்டும். 9 மில்லிமீற்றர் என்று வைத்துக்கொள்வோம். 5800இன் திரை 360க்கு 640 பிக்சல், மூலைக்கு மூலை 3.2 அங்குலம். கணக்குப் பார்த்தால் ஒரு மில்லிமீற்றருக்கு 9 பிக்சல், அப்படியானால் பட்டன் 81 பிக்சல். எக்ஸ்3-02இல் 240க்கு 320, 2.4 அங்குலம், மில்லிமீற்றருக்கு ஆறரை, பட்டன் 59 பிக்சல். சாம்சங் கோர்பியிலும் அதே 240க்கு 320தான், ஆனால் திரை 2.8 அங்குலம் என்பதால் 51 பிக்சல் போதும். மருமகன் 40 பிக்சலில் பட்டன் வரைந்திருந்தான், எமுலேட்டரில் அது பார்க்கத் தாராளமாகத்தான் இருந்தது. 5800இல் அது நாலரை மில்லிமீற்றர். ஒரு சுண்டு விரல் நகம்கூடப் பிசகும்.

திரை எத்தனை அங்குலம் என்று மிட்ப் சொல்லாது, பிக்சல் கணக்கு மட்டும்தான் சொல்லும். அதனால் பழைய ஆட்கள் செய்கிற தந்திரம்: படத்தைச் சின்னதாக வரை, பிடிக்கிற பெட்டியைப் பெரிதாக வை. 40 பிக்சல் படத்தைச் சுற்றி நாலு பக்கமும் இன்னும் 20 பிக்சல் சேர்த்து அதற்குள் விரல் பட்டால் பட்டன் என்று எடுத்துக்கொள்ளலாம். பார்க்கிறவருக்கு அழகு கெடாது, தொடுகிறவருக்குக் கை தவறாது. இரண்டு பட்டன்களின் பெட்டிகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறாமல் பார்த்துக்கொண்டால் சரி.

அப்புறம் அந்தத் திரைகளின் குணம். 5800, எல்ஜி குக்கி, சாம்சங் ஸ்டார் எல்லாம் அழுத்தினால்தான் வேலை செய்கிற வகை. மேலே ஒரு மெல்லிய படலம், கீழே இன்னொன்று, நடுவில் மயிரிழை இடைவெளி. அழுத்தும்போது மேல் படலம் வளைந்து கீழ்ப் படலத்தில் முட்டுகிற இடத்தை மின்சாரத்தால் அளக்கிறது. நகத்தால் தொடலாம், பேனா மூடியால் தொடலாம், 5800 பெட்டியில் கிற்றார் வாசிக்கிற பிளெக்ட்ரம் மாதிரி ஒரு துண்டுகூடப் போட்டுக் கொடுத்தார்கள். மீன் கழுவிய ஈரக் கையோடு தொட்டாலும் கேட்கும், இன்றைய போன் அதற்குத் திணறும். ஆனால் விரலின் அழுத்தம் கூடிக் குறையும்போது அளவும் கொஞ்சம் அலையும். நீங்கள் அசையாமல் வைத்திருப்பதாகத்தான் நினைப்பீர்கள், போன் 'இழுக்கிறார், இழுக்கிறார்' என்று பொயின்டர்டிராக்டைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கும், ஒரு பிக்சல் இந்தப் பக்கம், இரண்டு பிக்சல் அந்தப் பக்கம்.

ஆகவே 'டிராக்ட் வந்தால் இழுப்பு, வராவிட்டால் தட்டு' என்று பிரித்தால் உருப்படாது. விரல் முதலில் பட்ட இடத்தை எழுதி வைத்திருக்கிறோம் அல்லவா, அங்கிருந்து ஒரு குறிப்பிட்ட தூரம் தாண்டினால்தான் இழுப்பு என்று ஓர் எல்லை வையுங்கள். 5800க்கு 12 பிக்சலில் தொடங்கலாம், ஒரு மில்லிமீற்றருக்குக் கொஞ்சம் மேல். ஒருதரம் எல்லை தாண்டிவிட்டால் அந்த விரல் மேலே எடுபடும்வரை அது இழுப்புத்தான், திரும்பிப் பழைய இடத்துக்கு வந்தாலும் தட்டாகக் கூடாது.

எந்தப் பக்கம் இழுத்தார் என்று கண்டுபிடிக்கச் சிலர் கோணக் கணக்குக்குப் போவார்கள். போய்த் தேடிப் பார்த்தால், இந்த போன்களின் ஜாவாவில் சைன், கோஸ் இருக்கும், அதுவும் மிட்புக்கு அடியில் இருக்கிற சிஎல்டிசி என்ற அடிப்படை விதிமுறை 1.1 என்றால்தான், ஆனால் திருப்பிக் கோணம் காண்கிற ஆர்க்டேன் கிடையாது. தேவையும் இல்லை. எக்ஸில் எவ்வளவு நகர்ந்தது, வையில் எவ்வளவு நகர்ந்தது என்று கழித்துப் பாருங்கள். குறியை விட்டுவிட்டு எது பெரிது என்று பாருங்கள். எக்ஸ் பெரிது என்றால் இடமோ வலமோ, வை பெரிது என்றால் மேலோ கீழோ, எது என்பதைக் குறி சொல்லும். நாலு திசைக்கு இது போதும்.

மெனுப் பட்டன்களுக்கு ஒரு மரியாதை உண்டு. விரல் பட்டதும் நிறம் மாறட்டும், ஆனால் வேலை நடப்பது எடுக்கும்போதுதான், அதுவும் எடுக்கிற நேரம் விரல் அதே பட்டனுக்குள் இருந்தால் மட்டும். 'கேமை விட்டு வெளியேறு' மேல் தெரியாமல் விரலை வைத்தவர் அப்படியே வெளியே இழுத்துக்கொண்டு போய் எடுத்தால் தப்பிக்க வேண்டும். தோணி ஓட்டுகிற பட்டனுக்கு இந்த மரியாதை வேண்டாம், அங்கே பட்ட கணமே வேலை நடக்காவிட்டால் தூணில் முட்டிவிடுவோம்.

தோணியை விரலால் பிடித்து இழுக்க வைக்கலாம் என்று மருமகன் ஆசைப்பட்டான். செய்தான். விரலை வைத்ததும் தோணி ஒரு துள்ளுத் துள்ளி விரலுக்குக் கீழே வந்து நின்றது, ஏனென்றால் தோணியின் எக்ஸை விரலின் எக்ஸாகவே மாற்றிவிட்டான். விரல் பட்ட நேரம் தோணிக்கும் விரலுக்கும் எவ்வளவு இடைவெளி என்று எழுதி வைத்து, இழுக்கும்போது அந்த இடைவெளியைக் கழித்தால் துள்ளாது. ஆனால் துள்ளாவிட்டாலும் பெருவிரல் தோணியை மூடிக்கொண்டது, தூண் எங்கே வருகிறது என்றே தெரியவில்லை. கையை வைத்து மறைக்கிற இடத்தில் விளையாட்டை வைக்கக் கூடாது என்பதை இப்படித்தான் எல்லாரும் கண்டுபிடிக்கிறார்கள் போல.

கடைசியில் வந்து நின்ற வழி இது. அவன் கேமை 240க்கு 320 என்று நினைத்துத்தான் முழுக்க எழுதியிருந்தான். 5800இல் அகலம் 360, அதாவது ஒன்றரை மடங்கு. படங்களை கொம்பியூட்டரிலேயே ஒன்றரை மடங்காகப் பெருப்பித்து வேறொரு ஜாரில் போட்டோம், ஏனென்றால் மிட்பில் படத்தை வெட்டலாம், திருப்பலாம், பெருப்பிக்க வசதி இல்லை. கேம் 360க்கு 480 ஆனது, கீழே 160 பிக்சல் மிஞ்சியது. அந்த 160ம் விரலுக்கு. கிட்டத்தட்ட 18 மில்லிமீற்றர் உயரம், இடப் பாதியில் இடத் துடுப்பு, வலப் பாதியில் வலத் துடுப்பு. போன் கேட்காமலே பாதித் திரையைப் பிடுங்கியபோது கோபப்பட்டோம், கடைசியில் நாமும் கீழே ஒரு கரையை விரலுக்கு விடத்தான் வேண்டியிருந்தது. என்ன, இது நாம் தீர்மானித்த கால் பங்கு.

பெருப்பித்தால் தொட்ட இடத்தைத் திருப்பி கேமின் கணக்குக்கு மாற்ற வேண்டும். விரலின் எக்ஸை 240ஆல் பெருக்கி 360ஆல் பிரி. முழு எண் கணக்கில் வரிசை முக்கியம்: 180ஐ முதலில் 360ஆல் பிரித்தால் பூச்சியம், பிறகு எதால் பெருக்கினாலும் பூச்சியம்தான். முதலில் பெருக்கினால் 43200, பிரித்தால் 120, சரியான நடு. திரையின் அகல உயரத்தையும் தொடக்கத்திலேயே ஒருதரம் வாங்கி வைத்துவிட்டு மறந்துவிடாதீர்கள். முழுத்திரை கேட்ட பிறகும் சில போன்கள் கொஞ்ச நேரம் பழைய உயரத்தையே சொல்லும், போனைச் சாய்த்துப் பிடித்தாலும் மாறும். மாறும்போது சைஸ்சேஞ்ச்ட் என்ற மெதடை போன் கூப்பிடும், பட்டன் பெட்டிகளை அங்கே மறுபடி கணக்கிடுங்கள்.

ஒரே நேரத்தில் இரண்டு துடுப்பையும் தொட்டால்? மூன்று மெதடையும் திரும்பப் பாருங்கள், எக்ஸ், வை மட்டும்தான் வருகிறது, எந்த விரல் என்ற எண்ணே இல்லை. மிட்பைப் பொறுத்தவரை உலகத்தில் ஒரு விரல்தான். அழுத்துகிற திரைகளில் இரண்டு விரல் வைத்தால் நடுவில் எங்கேயோ தொட்டதாகச் சொல்லும், யாருமே தொடாத இடம் அது. நோக்கியாவின் பிற்காலத்து ஆஷா 311 போன்றவற்றில் பல விரலுக்குத் தனி ஏபிஐ, அதாவது நாம் பயன்படுத்தக்கூடிய தனி மெதட்கள், உண்டு, ஆனால் அதை நம்பி எழுதினால் அந்த வகைப் போன்களோடு நிற்க வேண்டியதுதான். இடக்கைப் பெருவிரலால் ஓடு, வலக்கையால் சுடு என்கிற கேமை இந்த போன்களுக்கு எழுதாமல் விடுவது நல்லது. சுடுவது தானாக நடக்கட்டும், ஓடுவது மட்டும் விரலுக்கு. பழைய தொடுதிரை கேம்களில் ஒரு விரல் விளையாட்டுகளே நன்றாக வந்ததற்கு இதுதான் காரணம் என்பது என் எண்ணம்.

ஒரு நாள் பின்னேரம் அவன் துடுப்பை அழுத்திப் பிடித்துக்கொண்டிருந்த நேரம் அக்காவிடமிருந்து மிஸ்ட் கோல் வந்தது. கோல் திரை வந்து மூடியது, விரலை எடுத்தான், மணி நின்றது, கேம் திரும்ப வந்தது, தோணி யாரும் தொடாமலே இடப்பக்கமாகப் போய்க்கொண்டே இருந்தது. விரலை எடுத்த செய்தி கோல் திரைக்குப் போய்விட்டது, நம் கொப்பியில் 'கீழே = உண்மை' என்று அப்படியே கிடக்கிறது. நம் திரை மறையும்போது ஹைட்நோட்டிஃபை என்ற மெதட் கூப்பிடப்படும். அங்கே எல்லாவற்றையும் அழித்துவிடுங்கள்: கீழே பொய், புதியதட்டு பொய், கேம் நிறுத்தம். திரும்பி வரும்போது விரல் இன்னும் திரையில் இருந்தால் பிரெஸ்ட் இல்லாமல் டிராக்ட் மட்டும் வரலாம், அதனால் 'கீழே' பொய்யாக இருக்கும்போது வருகிற டிராக்டையும் ரிலீஸ்டையும் கண்டுகொள்ளாதீர்கள்.

பரிசோதிக்க: ஜாவாவைச் செய்த சன் நிறுவனத்தின் பழைய வயர்லெஸ் டூல்கிட் வைத்திருந்தால், எமுலேட்டர் போனின் புரொப்பர்டீஸ் ஃபைலில் டச்_ஸ்கிரீன் என்ற வரியின் மதிப்பு 'ட்ரூ' என்று இருக்கிறதா பாருங்கள், 'ஃபோல்ஸ்' என்று இருந்தால் மவுஸால் எத்தனை தட்டுத் தட்டினாலும் ஒன்றும் வராது. அன்ரொயிட் போனில், ஜாவா போன் கேம்களை ஓட்டுகிற ஜே2எம்இ லோடர் போட்டும் பார்க்கலாம், அதன் சொந்தப் பொய்ப் பட்டன்களை மறைத்துவிட்டுப் பாருங்கள். இரண்டும் லொஜிக் பிழைகளைப் பிடிக்கும். ஆனால் மவுஸின் முனை ஒரு பிக்சல், அது நடுங்காது, திரையை மறைக்காது. கைக்கு எப்படி வரும் என்பதை உண்மையான பழைய போனில்தான் பார்க்க வேண்டும், அதுவும் எழுதியவர் கையில் இல்லை.

நாங்கள் அம்மாவிடம் கொடுத்தோம். அவனுக்கு அம்மம்மா. பெருவிரலால் தட்டாமல், சுட்டுவிரல் நகத்தை வைத்து, மணியை அழுத்துகிற மாதிரி மெதுவாக ஊன்றி, கொஞ்சம் பொறுத்து எடுத்தார். ஊன்றும்போது நகம் வழுக்கியது. 'தொடங்கு' பட்டன் மூன்று தரம் ஊன்றியும் அசையவில்லை, ஒவ்வொரு தரமும் எங்கள் கோட் அதை இழுப்பு என்று எடுத்துக்கொண்டது. "இது பழுதான போன் மனே," என்று திருப்பிக் கொடுத்துவிட்டார். மெனுவில் மட்டும் அந்த 12ஐ 30 ஆக்கினோம், அங்கே இழுக்க என்ன இருக்கிறது. நாலாம் தரம் தோணி கிளம்பியது, இரண்டாவது தூணில் முட்டினார்.